நாடகாசிரியர் நடிகரான கதை: லியோபோல்தோ திரியெஸ்தேயும் இத்தாலியத் துணைவேடக் கலையும்

இத்தாலியத் திரைப்பட வரலாறு பெரும்பாலும் இயக்குநர்களின் வரலாறாகவும், அவர்களுக்கு அடுத்தபடியாக மர்ச்செல்லோ மாஸ்த்ரோயான்னி, சோஃபியா லோரென் போன்ற நட்சத்திரங்களின் வரலாறாகவுமே எழுதப்பட்டு வந்திருக்கிறது. அந்த வரலாற்றில் துணைநடிகர்களுக்கு அடிக்குறிப்பில் ஓரிடம் கிடைத்தாலே பெரிது. ஆயினும் போருக்குப் பிந்தைய ஐம்பது ஆண்டுகளில் இத்தாலியத் திரைக்குக் கிடைத்த உலகப் புகழில் கணிசமான பங்கு, கதாநாயகனுக்கு எதிரில் நின்று சில நிமிடங்கள் பேசிவிட்டு வெளியேறுகிற மனிதர்களுக்கு உரியது என்பதை அந்தப் படங்களை ஊன்றிப் பார்ப்பவர் எவரும் மறுக்க இயலாது. அத்தகைய நடிகர்களில் ஒருவரான லியோபோல்தோ திரியெஸ்தே, நடிப்பதற்காகத் திரைத்துறைக்குள் வந்தவரே அல்லர் என்பதும், எழுத வந்தவரை இயக்குநர்கள் கேமராவுக்கு முன்னால் இழுத்து நிறுத்தினார்கள் என்பதும் அவருடைய வாழ்க்கைப் பணியைத் தனித்து ஆராயத் தகுந்ததாக ஆக்குகின்றன.

இத்தகைய நடிகரை இத்தாலியர் ‘கரத்தெரிஸ்தா’ என்று அழைக்கின்றனர். 19ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராகச் சென்று நாடகம் போட்ட இத்தாலியக் குழுக்களில் ஒவ்வொரு நடிகருக்கும் ஒரு வேடவகை நிலையாக ஒதுக்கப்பட்டிருந்தது; முதன்மை நடிகர், நகைச்சுவைக்கு உரியவர், எந்தச் சிறு வேடத்திற்கும் பயன்படும் பொதுநடிகர் என்ற அந்த வரிசையில், கஞ்சன், கிழவன், ஊர்ப் பெரியமனிதன் போன்ற தனிக்குணம் கொண்ட மாந்தரை ஏற்பவரே கரத்தெரிஸ்தா எனப்பட்டார். திரைப்படம் இந்த வகைப்பாட்டை அப்படியே சுவீகரித்துக்கொண்டது. கூட்டத்தில் நிற்கும் துணைநடிகருக்கும் இவருக்கும் உள்ள வேறுபாடு பெரிது. முன்னவர் இடத்தை நிரப்புகிறார், பின்னவரோ இரண்டு நிமிடக் காட்சிக்குள் ஒரு மனிதனின் முழுக் கடந்தகாலத்தையும் பார்வையாளர் ஊகிக்கும்படி செய்துவிட்டுப் போகிறார்.

இந்தக் கலைக்கு இத்தாலியில் ஒரு வினோதமான சூழலும் அமைந்தது. பல பத்தாண்டுகளாக இத்தாலியப் படங்களின் வசனம் படப்பிடிப்பின்போது பதிவாகாமல், பின்னர் ஒலிப்பதிவுக்கூடத்தில் சேர்க்கப்பட்டு வந்ததால், திரையில் தெரியும் முகம் ஒருவருடையதாகவும் கேட்கும் குரல் மற்றொருவருடையதாகவும் இருப்பது அங்கே சர்வசாதாரணம். மரியோ மொனிச்செல்லி 1958இல் இயக்கிய ‘இ சோலித்தி இஞ்ஞோத்தி’ என்ற திருட்டுக் கும்பல் நகைச்சுவைப் படத்தில், தங்கையைப் பூட்டிவைக்கும் சிசிலிக்காரனாக நடித்த திபெரியோ முர்ஜியா உண்மையில் சார்தீனியத் தீவைச் சேர்ந்தவர். ரோமில் ஓர் உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த அவருடைய முகம் பிடித்துப்போனதால் அழைத்துவரப்பட்டு, சிசிலி வழக்கு பேசும் வேறொருவரின் குரல் அவருக்குப் பொருத்தப்பட்டது. அதே படத்தில் எப்போதும் தின்றுகொண்டே இருக்கும் கிழவராக வந்த கார்லோ பிசகானே நேப்பிள்ஸ்காரர். அவர் வாயிலிருந்து வருவதோ பொலோஞ்ஞா வட்டாரப் பேச்சு. குரல் பறிபோகக்கூடும் என்ற நிலையில் நடிகருக்கு மிஞ்சுவது முகமும் உடலும் அசைவின் கால அளவுமே என்பதால், இத்தாலியத் துணைநடிகர்கள் உடலால் பேசுவதில் அபாரமான தேர்ச்சி பெற்றார்கள் என்று கொள்ள இடமுண்டு.

எழுத வந்தவர்

திரியெஸ்தே 1917ஆம் ஆண்டு மே 3ஆம் நாள் இத்தாலியின் தென்கோடியில், சிசிலித் தீவுக்கு நேர் எதிரே கடலோரத்தில் அமைந்த ரெஜ்ஜோ கலாப்ரியா நகரில் பிறந்தார். இரண்டாம் உலகப்போர் முடிந்த கையோடு ‘லா ஃப்ரோந்தியேரா’ (1945), ‘க்ரோனக்கா’ (1946), ‘என்.என்.’ (1947) ஆகிய நாடகங்களால் இளம் நாடகாசிரியராக அறியப்பட்ட அவர், அதே காலத்தில் திரைக்கதை எழுதும் குழுக்களிலும் இடம்பெற்றார். பியெத்ரோ ஜெர்மி இயக்கி 1948இல் வெளியான ‘ஜோவெந்தூ பெர்தூத்தா’ படத்தின் எழுத்தாளர்களுள் ஒருவராக அவர் பெயர் காணப்படுகிறது. அவருடைய ‘க்ரோனக்கா’ நாடகத்தைத் தழுவி கிளாவுதியோ கோரா 1953இல் எடுத்த ‘ஃபெப்ரெ தி விவெரெ’ படத்தில் இளம் மாஸ்த்ரோயான்னி நடித்தார் என்பது பின்னாளை நினைக்கும்போது சுவையான செய்தி. ஏனெனில் நாடகாசிரியரின் சொற்களைப் பேசிய அந்த நடிகருக்கு, எட்டு ஆண்டுகள் கழித்து அதே நாடகாசிரியர் துணைவேடம் போட நேர்ந்தது.

திருப்பம் ஏற்பட்டது 1952இல். ஃபெதெரிக்கோ ஃபெல்லினி தனியாக இயக்கிய முதல் படமான ‘லோ ஷெய்க்கோ பியாங்கோ’வில், அதாவது ‘வெள்ளை ஷேக்’கில், புதுமாப்பிள்ளை இவான் கவல்லி வேடத்திற்குத் தொழில்முறை நடிகரை விடுத்து முப்பத்தைந்து வயது நாடகாசிரியரைத் தேர்ந்தெடுத்தார். படத்தின் கதை ‘ஃபோத்தோரொமான்சோ’ என்ற அக்கால வெகுஜன வாசிப்பைச் சுற்றியது. புகைப்படங்களை வரிசையாக அடுக்கி, அவற்றின் மேல் வசனம் எழுதி அச்சிடப்பட்ட காதல் தொடர்கதை இதழ்களே அவை. தேனிலவுக்காக ரோமுக்கு வந்த மணப்பெண் வாந்தா, அத்தகைய தொடரின் நாயகனான ‘வெள்ளை ஷேக்’கைக் காண விடுதியிலிருந்து நழுவிவிடுகிறாள். போலி அரபு உடையில் திரியும் அந்த நாயகனாக அல்பெர்த்தோ சோர்தி நடித்தார். மறுபுறம், போப்பாண்டவரைத் தரிசிக்க ஏற்பாடு செய்து வைத்திருக்கும் உறவினர்களிடம் மனைவிக்குத் தலைவலி என்று பொய் மேல் பொய் சொல்லிக்கொண்டு திரிகிறான் இவான்.

இந்த வேடத்தில் திரியெஸ்தே செய்தவை நுணுகிப் பார்க்கத் தக்கவை. மனைவிக்கு அந்நிய ஆண் எழுதிய கடிதத்தைக் கண்டவுடன் அவருடைய கண்கள் உருண்டு, இமைக்க மறந்து நிற்கின்றன. அடுத்து அவர் தெருவுக்கு ஓடும்போது, தொப்பியில் இறகு செருகிய ‘பெர்சல்யெரி’ என்ற காலாட்படைப் பிரிவினர் எக்காளம் ஊதியபடி ஓட்டநடையில் வருகிறார்கள். அந்த வெள்ளத்தில் அகப்பட்டுக்கொண்ட இவான் தன் துயரத்தைச் சுமந்துகொண்டே அவர்களோடு சேர்ந்து ஓடுகிறான். மானம் போய்விடுமோ என்ற பதைப்பும், யாரும் பார்த்துவிடக்கூடாது என்ற எச்சரிக்கையும், மனைவி மேல் உண்மையான அன்பும் ஒரே முகத்தில் மாறி மாறித் தோன்றுவதால், சிரித்துக்கொண்டிருக்கும் பார்வையாளர் இடையிலேயே சங்கடப்பட்டு நிறுத்திக்கொள்கிறார். இரவில் வெறிச்சோடிய சதுக்கத்தில் நீரூற்றின் ஓரம் அமர்ந்து, அவ்வழியே வரும் இரு பாலியல் தொழிலாளிகளிடம் மனைவியின் புகைப்படங்களைக் காட்டி அழும் காட்சியில் அந்தச் சங்கடம் முழு இரக்கமாகிறது. அவ்விருவரில் கபீரியா என்ற பெயரில் வருபவர் ஜூலியெத்தா மசீனா. அந்தச் சிறு தோற்றமே பின்னர் ‘கபீரியாவின் இரவுகள்’ என்ற தனிப்படமாக வளர்ந்தது. வெனிஸ் விழாவில் திரையிடப்பட்ட ‘வெள்ளை ஷேக்’ வணிகரீதியில் தோற்றது என்றாலும், ஃபெல்லினியின் உலகுக்குள் திரியெஸ்தே நுழைந்துவிட்டார்.

அடுத்த ஆண்டே வந்த ‘இ வித்தெல்லோனி’ (1953) வெனிஸில் வெள்ளிச் சிங்கம் விருது பெற்று ஃபெல்லினியின் பெயரை நிலைநாட்டியது. வேலைவெட்டி இல்லாமல் சிறுநகரில் பொழுதைக் கழிக்கும் ஐந்து இளைஞர்களைப் பற்றிய அந்தப் படத்தில், திரியெஸ்தே ஏற்ற பாத்திரத்தின் பெயரும் லியோபோல்தோ; தொழிலும் நாடகம் எழுதுவது. ஊருக்கு வந்த புகழ்பெற்ற முதிய நடிகரிடம் தன் நாடகத்தை வாசித்துக் காட்ட வாய்ப்புக் கிடைத்ததும் உச்சிகுளிர்ந்துபோகும் லியோபோல்தோ, உணவகத்தில் பக்கம் பக்கமாக வாசித்துத் தள்ளுகிறான்; கேட்பவரோ உண்பதிலேயே கண்ணாக இருக்கிறார். பின்னர் காற்று வீசும் இருண்ட கடற்கரைக்கு அவர் அழைக்கும்போதுதான் அவருடைய நாட்டம் இலக்கியத்தின் மேல் அல்ல, தன் மேல் என்பது இளைஞனுக்கு உறைக்கிறது, அடித்துப்பிடித்து ஓடுகிறான். தன் தொழிலின் அகந்தையையும் ஏக்கத்தையும் தானே இப்படி நடித்துக் காட்ட ஒரு நாடகாசிரியருக்குத் துணிவு வேண்டும். இதே படத்தில் உடன் நடித்த ஃப்ராங்கோ ஃபப்ரீத்சிக்கு நீனோ மன்ஃப்ரேதி குரல் கொடுத்தார் என்பது, மேலே சொன்ன குரல் வழக்கத்திற்கு மற்றுமொரு சான்று.

ஜெர்மியின் சிசிலி

1950களின் பிற்பகுதியில் திரியெஸ்தே இயக்குநராகவும் முயன்றார். ‘சித்தா தி நோத்தே’, ‘இல் பெக்காத்தோ தெல்யி அன்னி வெர்தி’ ஆகிய இரு படங்களோடு அந்த முயற்சி நின்றுபோயிற்று. அதன்பின் அவரை முழுமையான கரத்தெரிஸ்தாவாக வார்த்தெடுத்தவர் பழைய தோழரான ஜெர்மியே.

‘கொம்மேதியா அல்லித்தாலியானா’ எனப்படும் இத்தாலிய பாணி நகைச்சுவைக்குப் பெயர் கொடுத்த படம் ஜெர்மியின் ‘திவோர்த்சியோ அல்லித்தாலியானா’ (1961). சமூகத்தின் கொடிய வழக்கங்களைச் சிரிப்பின் வழியாகத் தோலுரிப்பது இந்த வகைப் படங்களின் இயல்பு. விவாகரத்துக்கு அன்றைய இத்தாலியில் சட்டத்தில் இடமில்லை. 1970இல்தான் அது வந்தது. அதேவேளையில், மனைவியோ மகளோ தங்கையோ கள்ளக்காதலில் ஈடுபடுவதைக் கண்டு ஆத்திரத்தில் கொன்றவனுக்குக் குற்றவியல் சட்டத்தின் 587ஆம் பிரிவு மூன்று முதல் ஏழு ஆண்டு வரையிலான சிறைத்தண்டனையே விதித்தது. அந்தப் பிரிவு 1981 வரை நீடித்தது. இளம்பெண் ஒருத்தியை மணக்க விரும்பும் சிசிலிப் பிரபு, அதற்காகத் தன் மனைவிக்குத் தானே ஒரு கள்ளக்காதலனைத் தேடிப் பிடிக்கிறான் என்பது கதை. பிரபுவாக மாஸ்த்ரோயான்னி, அவன் வலையில் சிக்கும் முன்னாள் காதலனும் ஓவியனுமான கர்மேலோ பத்தனேயாக திரியெஸ்தே. சுவரோவியத்தைச் சீர்செய்ய வந்தவனும் அந்த மனைவியும் பேசுவதைப் பிரபு ஒளித்துவைத்த ஒலிப்பதிவுக் கருவி பதிவுசெய்துகொண்டிருக்க, ஓவியனின் கூச்சமும் தயக்கமும் பிரபுவின் பொறுமையைச் சோதிக்கின்றன. வில்லத்தனம் முழுவதும் நாயகனிடம் இருக்கிறது; பாவம் முழுவதும் கள்ளக்காதலனிடம் இருக்கிறது. இந்தத் தலைகீழ் நியாயம் எடுபடுவதற்கு திரியெஸ்தேயின் அப்பாவி முகமே பெரும் காரணம். படம் திரைக்கதைக்கான ஆஸ்கர் விருதையும் வென்றது.

1964இல் வந்த ‘செதோத்தா எ அப்பந்தொனாத்தா’வில் அவருக்கு வாய்த்த பாத்திரம் இன்னும் கூர்மையானது. குடும்ப மானத்தைக் காப்பாற்ற எதையும் செய்யும் தந்தை வின்சென்த்சோவாக சாரோ உர்சீ நடித்த அந்தப் படத்தில், மூத்த மகளுக்கு அவசரமாக மாப்பிள்ளையாக்கப்படும் நொடித்துப்போன பிரபு ரித்சியேரி சப்பலாவாக திரியெஸ்தே வருகிறார். பட்டம் இருக்கிறது, சாப்பாடு இல்லை. மாளிகை இருக்கிறது, வாயில் பல் ஒழுங்காக இல்லை. வறுமையில் உயிரை மாய்த்துக்கொள்ள எத்தனிக்கும் அவரைத் தேற்றி, வயிறார உணவிட்டு, பல்லையும் சீர்செய்து, மணமகனாக நிறுத்துகிறார் தந்தை. மானம் என்ற சொல்லையே முதலாக வைத்து வாழும் ஊரில், கையில் வேறு எதுவுமில்லாத ஒருவன் அதையும் எப்படி விற்றுத் தின்ன வேண்டியிருக்கிறது என்பதை இந்தக் காட்சிகள் காட்டும் அளவுக்கு அந்தப் படத்தின் வேறெந்தப் பகுதியும் காட்டவில்லை. இத்தாலியத் திரைப்படப் பத்திரிகையாளர் சங்கம் 1946 முதல் வழங்கிவரும் ‘நாஸ்த்ரோ தர்ஜெந்தோ’, அதாவது வெள்ளி நாடா விருது, சிறந்த துணைநடிகருக்கான பிரிவில் இந்த வேடத்திற்காக 1965இல் அவருக்குக் கிடைத்தது.

கதவைத் திறக்கத் தெரியாத வீட்டுக்காரர்

அறுபதுகளிலும் எழுபதுகளிலும் திரியெஸ்தே கிடைத்த வேடங்களையெல்லாம் ஏற்றார். ஹாலிவுட் நிறுவனங்கள் இத்தாலிக்கு வந்து படமெடுத்த காலத்திலேயே, ஹெமிங்வேயின் நாவலைத் தழுவிய ‘எ ஃபேர்வெல் டு ஆர்ம்ஸ்’ (1957) படத்தில் ஆம்புலன்ஸ் ஓட்டுநர் பஸ்ஸீனியாக வந்தவர் அவர். மரியோ பாவாவின் 1971ஆம் ஆண்டுக் கொலைப்படத்தில் பூச்சி சேகரிப்பவராகவும், வெனிஸ் நகரில் நிகழும் நிக்கோலஸ் ரோகின் ‘டோன்ட் லுக் நவ்’ (1973) படத்தில் விடுதி மேலாளராகவும் வந்தார். இவற்றில் பல வேடங்கள் அவருடைய ஆற்றலுக்குப் பொருந்தாத சில்லறை வேடங்களே; பிழைப்புக்காகச் செய்தவை என்று ஒதுக்கிவிடலாம்.

ஒதுக்க முடியாத வேடம் ‘தி காட்ஃபாதர்: இரண்டாம் பாகம்’ (1974) தந்தது. நியூயார்க் இத்தாலியக் குடியிருப்பில் வீடுகளை வாடகைக்கு விடும் சிஞ்ஞோர் ரொபெர்த்தோவாக அவர் தோன்றுவது இரண்டே காட்சிகளில். நாய் வளர்த்ததற்காக வீட்டைக் காலி செய்யச் சொல்லப்பட்ட ஒரு விதவைக்காகப் பரிந்துபேச வரும் இளம் வீட்டோ கொர்லியோனேயை முதற்காட்சியில் அவர் தெருவில் வைத்தே அலட்சியமாகத் தட்டிக்கழிக்கிறார். யாரிடம் பேசுகிறோம் என்பது அவருக்குத் தெரியாது. என்னைப் பற்றி அக்கம்பக்கத்தில் விசாரித்துப் பாருங்கள் என்று வீட்டோ பணிவாகச் சொல்லிவிட்டுப் போகிறார். விசாரித்தபின் அவர் வீட்டோவின் அலுவலகத்திற்கு வரும் இரண்டாம் காட்சி நடிப்புக்கலை மாணவருக்குப் பாடமாக வைக்கத் தகுந்தது. முன்பு வீட்டோவிடம் வாங்கிய பணத்தைத் திருப்பித் தருகிறார்; விதவை அங்கேயே இருக்கலாம் என்கிறார்; வாடகை பழையபடியே என்கிறார். எதிரில் இருப்பவர் வாய் திறக்கவில்லை. அந்த மௌனத்தைத் தாங்கமாட்டாமல் ஐந்து டாலரைக் குறைக்கிறார். மௌனம் தொடரவே பத்து டாலராக்குகிறார். ஏலத்தில் எதிராளியே இல்லாமல் தனக்கு எதிராகத் தானே கேட்டுக்கொண்டுபோகும் மனிதனின் பீதி அது. விடைபெற்றுத் திரும்பியபின் கதவு திறக்காமல் அவர் தடுமாறும் கணத்தில் அந்தப் பீதி உச்சத்தை எட்டுகிறது.

ஒரு மிரட்டல் சொல்கூட இல்லாத இந்தக் காட்சியில்தான் வீட்டோ கொர்லியோனே அஞ்சத்தக்கவராக ஆகிவிட்டார் என்பது பார்வையாளருக்கு முதன்முதலாகத் தெளிவாகிறது. அதை உணர்த்துபவர் வீட்டோவாக அசையாமல் அமர்ந்திருக்கும் ராபர்ட் டி நீரோ அல்லர், வியர்த்து வழியும் திரியெஸ்தே. இந்தப் படத்திற்காக டி நீரோவுக்கு ஆஸ்கர் கிடைத்ததும் துணைநடிகர் பிரிவில்தான் என்பது தற்செயலான முரண்.

சின்னத்திரையும் முதுமையும்

இத்தாலிய அரசு ஒளிபரப்பு நிறுவனமான ராய் 1954 ஜனவரியில் தொலைக்காட்சி ஒளிபரப்பை முறையாகத் தொடங்கியது. நாவல்களைப் பல பகுதிகளாக நாடகமாக்கும் ‘ஷெனெஜ்ஜாத்தோ’ என்ற தொடர்வடிவம் அங்கே வேரூன்றியதால், மேடையிலும் திரையிலும் பழுத்த துணைநடிகர்களுக்குச் சின்னத்திரை நல்ல வாழ்வளித்தது. சிறுவேடத்துக்கும் பல மணிநேர நீளத்தில் வளர இடம் கிடைப்பது அதன் அனுகூலம். ஃப்ராங்கோ ரோஸ்ஸி 1985இல் இயக்கிய ‘குவோ வாதிஸ்’ தொடரில், கிறித்தவர்களை உளவுபார்த்துக் காட்டிக்கொடுத்து, பின்னர் மனம் மாறும் கிரேக்கத் தந்திரக்காரன் கிலோவின் வேடம் திரியெஸ்தேக்குக் கிடைத்தது. நீரோ மன்னனாக க்ளாவுஸ் மரியா பிராந்தாவரும் பேதுருவாக மாக்ஸ் வான் சிடோவும் நடித்த அந்தப் பெருந்தயாரிப்பில், கோழைத்தனத்திலிருந்து மனச்சாட்சிக்கு நடந்துசெல்லும் ஒரே பாத்திரம் அது. அவருக்கென்றே அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்தியது.

எண்பதுகள் பொதுவாகவே அவருக்கு வாய்ப்பான பத்தாண்டு. மார்க்கோ பெல்லொக்கியோ 1984இல் பிராந்தெல்லோவின் ‘என்ரிக்கோ நான்காமவன்’ நாடகத்தைப் படமாக்கியபோது, பைத்தியமாக நடிக்கிறாரா உண்மையிலேயே பைத்தியமா என்று தெரியாத நாயகனாக மாஸ்த்ரோயான்னியும், அவரை ஆராய வரும் மனநல மருத்துவராக திரியெஸ்தேயும் மீண்டும் எதிரெதிரே நின்றனர். இரண்டாவது வெள்ளி நாடா விருதும் வந்தது. 1986இல் ‘தி நேம் ஆஃப் த ரோஸ்’ படத்தில் ஃபிரான்சிஸ்கன் துறவிகளின் தலைவர் மிக்கேலே தா செசேனாவாகவும், ‘மோமோ’வில் தெருக் கூட்டும் முதியவர் பெப்போவாகவும் வந்தார்.

உலகெங்கும் அவர் முகத்தைக் கொண்டுசேர்த்தது ஜுசெப்பே தொர்னத்தோரேயின் ‘சினிமா பாரதீசோ’ (1988). எழுபத்தோரு வயதில் அவர் ஏற்ற பாதிரியார் அதெல்ஃபியோ, கோவில் சார்பில் நடக்கும் திரையரங்கில் ஒவ்வொரு படத்தையும் ஊருக்கு முன்பே தனியாகப் பார்த்து, முத்தக்காட்சி வந்ததும் கைமணியை அடிக்கிறார். மணியோசை கேட்டதும் படம் ஓட்டுபவர் சுருளில் அடையாளக் காகிதம் செருகி, பின்னர் அந்தத் துண்டை வெட்டுகிறார். கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசையும், சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கரையும் பெற்ற அந்தப் படத்தின் புகழ்பெற்ற இறுதிக்காட்சி முழுவதும் அந்த வெட்டுத்துண்டுகளால் ஆனது. தணிக்கை செய்யும் மனிதரை வெறுக்கத்தக்கவராக்காமல், மணியை ஓங்கியபடியே திரையை விட்டுக் கண்ணை எடுக்கமாட்டாதவராக நடித்திருப்பதில்தான் திரியெஸ்தேயின் கைவண்ணம் உள்ளது. ஆயினும் பொதுவாகக் கருதப்படுவதுபோல் இது அவருடைய சிறந்த வேடம் அன்று. பாதிரியார் அன்பானவர், எளிதில் பிடித்துப்போகிறவர்; சிஞ்ஞோர் ரொபெர்த்தோவும் பிரபு ரித்சியேரியும் பிடித்துப்போக எந்தக் காரணமும் இல்லாதவர்கள், அவர்கள்மேலும் இரக்கம் வரச்செய்ததே அரிய காரியம்.

தொர்னத்தோரேயின் ‘லுவோமோ தெல்லே ஸ்தெல்லே’ (1995), நடிகராக்குகிறேன் என்று சொல்லி சிசிலி ஊர்மக்களிடம் காசு வாங்கிக்கொண்டு கேமரா முன் நிறுத்தும் மோசடிக்காரனின் கதை. அதில் வாய்பேசாத முதியவராக வந்த திரியெஸ்தேக்கு, இத்தாலியத் திரையுலகின் உயர்ந்த விருதான ‘தாவித் தி தொனத்தெல்லோ’ 1996இல் வழங்கப்பட்டது. ஐம்பதுகளின் நடுவில் தொடங்கிய அந்த விருதில் துணைநடிகர்களுக்கென ஒரு பிரிவே 1981இல்தான் ஏற்படுத்தப்பட்டது என்பதைக் கவனித்தால், ஜெர்மியின் படங்களில் அவரும் உர்சீயும் உச்சத்தில் இருந்த காலத்தில் அவர்களுக்கு அந்த மேடையில் நாற்காலியே போடப்படவில்லை என்பது விளங்கும். நாடகாசிரியராக வந்தவருக்கு அந்த மேடையின் விருது வாய்பேசாத முதியவரின் வேடத்துக்காகக் கிடைத்தது.

திரியெஸ்தே 2003ஆம் ஆண்டு ஜனவரி 25ஆம் நாள் ரோமில், எண்பத்தைந்தாம் வயதில் காலமானார். அவரை ‘சினிமா பாரதீசோ’ பாதிரியாராக மட்டும் அறிந்திருப்பவர்கள், முதலில் ‘வெள்ளை ஷேக்’கையும் அடுத்து ‘செதோத்தா எ அப்பந்தொனாத்தா’வையும் பார்க்க வேண்டும், அவகாசம் இல்லாதவர்கள் ‘காட்ஃபாதர்’ இரண்டாம் பாகத்தின் அந்த இரு காட்சிகளையாவது, டி நீரோவைப் பார்க்காமல் வீட்டுக்காரரை மட்டும் கவனித்து, இன்னொரு முறை பார்ப்பது நல்லது.